கன்னி மூலையில் ஒரு கிணறு

என் மனைவி எட்டு மாதம் பாடுபட்டுச் செய்த ஒரு தோட்டத்தை, ஒரு வெள்ளிக்கிழமை காலை ஒன்பதேகால் மணிக்கு நான் அழித்தேன். தோட்டம் இருந்தது ஒரு விளையாட்டுக் கருவிக்குள். அதனால் இது சின்னக் குற்றம் என்று யாரும் எனக்காக வாதாட வேண்டாம். செய்தவன் நான். எவ்வளவு பெரியது என்று எனக்குத் தெரியும்.

கருவி கனடாவிலிருந்து வந்தது. எங்கள் மகள் பிள்ளைகளோடு நல்லூர்த் திருவிழாவுக்கு வந்து நின்றுவிட்டுத் திரும்பும்போது பெட்டிகளில் மிளகாய்த்தூளும் ஒடியலும் பனங்கட்டியும் ஏறின. நிறை கூடியது. பிள்ளைகள் கைவிட்டிருந்த பழைய கருவி வெளியே எடுத்து வைக்கப்பட்டு இங்கேயே தங்கிவிட்டது. அதற்குள் இருந்தது ஒரே ஒரு விளையாட்டு. பற்றை பிடித்த வெறுங்காணி ஒன்றைத் தருவார்கள். துப்புரவாக்கி, வீட்டுக்கும் கிணற்றுக்கும் இடம் குறித்து, விதைத்து, நாள்தோறும் தண்ணீர் விட்டு, ஆடு மாடு வளர்க்க வேண்டும். ஒருமுறை வைத்த வீட்டையும் வெட்டிய கிணற்றையும் பிறகு இடம் மாற்ற முடியாது. ஒரே நேரத்தில் இரண்டு காணி வைத்திருக்கவும் முடியாது.

மனைவிக்கு முழங்கால் வருத்தம். எங்கள் கோப்பாய் வளவில் குனிந்து ஒரு கத்தரிக்கன்று நடவும் அவளால் இப்போது முடியாது. காலைத் தேத்தண்ணி முடிந்ததும் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, "தோட்டத்துக்குப் போட்டு வாறன்" என்று சொல்லிவிட்டு, கூடத்தில் மின்விசிறிக்குக் கீழே இருக்கும் கதிரைக்குப் போவாள். அரை மணித்தியாலம் கழித்துத் திரும்பி வந்து செய்தி சொல்லுவாள். பூசணி காய்த்துவிட்டது. மாடு கன்று போட்டுவிட்டது. கோழிக்கு இன்னொரு கூடு வேண்டும்.

அவள் சுன்னாகம் பக்கத்து வெங்காயத் தோட்டக்காரரின் மகள். அவள் சொல்லும் செய்திகளில் வெங்காயம் ஒருநாளும் வராததை நான் கவனித்துக் கேட்டேன்.

"வெங்காயம் இல்லாமல் என்ன தோட்டமப்பா?"

"பிறந்த நாள் தொட்டு வெங்காயம்தானே நட்டனான். இனி எனக்குப் போதும்," என்றாள்.

நான் முப்பத்தாறு வருடம் நில அளவையாளனாக வேலை செய்தவன். வலிகாமத்தில் நான் அளவுச் சங்கிலி பிடிக்காத தெரு ஒழுங்கை குறைவு. எல்லைக் கல்லுக்காக வெட்டுக்குத்து வரை போன அண்ணன் தம்பியரை என் வரைபடம் சமாதானம் செய்திருக்கிறது. ஒரு காணியைப் பார்த்தால் அதில் எது எங்கே இருக்க வேண்டும் என்று எனக்குத் தெரியும் என்ற எண்ணம் ஓய்வு பெற்ற பிறகும் என்னை விட்டுப் போகவில்லை.

போன வைகாசி மாதம் மனைவியின் தங்கையின் மகளுக்கு வவுனியாவில் குழந்தை பிறந்தது. முப்பத்தோராம் நாள் துடக்குக் கழிவுக்கு முன்னரே போய் உதவிக்கு நிற்க வேண்டும் என்று மனைவி புறப்பட்டாள். பத்து நாள் பயணம். பஸ்ஸுக்குப் புறப்படும்போது எனக்குச் சொன்ன கடைசிப் பேச்சு சாப்பாட்டைப் பற்றியதோ மருந்தைப் பற்றியதோ அல்ல.

"இஞ்சருங்கோ, காலமையிலை ஒருக்காத் தண்ணி விட்டாக் காணும். மாட்டுக்குப் புல்லு வையுங்கோ. வேறை ஒண்டிலையும் கை வையாதேங்கோ."

"எனக்குத் தோட்டம் தெரியாதே? ஊரிலை அரைவாசிக் காணி நான் அளந்தது."

"அதுதான் சொல்லுறன்," என்று சொல்லிக்கொண்டே படலையைச் சாத்தினாள்.

முதல் நாளே அந்தக் கிணறு என் கண்ணில் பட்டது. அதுவரை அவள் சொல்லக் கேட்டேனே தவிர, காணி முழுவதையும் நான் பார்த்ததில்லை. வீடு காணியின் தென்மேற்கில் இருந்தது. அதை ஒட்டி, குசினி வாசலுக்கு நேரே, கிணறு. தென்மேற்கு கன்னி மூலை. எங்கள் ஊரில் கன்னி மூலையில் பள்ளம் தோண்ட விடமாட்டார்கள். அங்கே கிணறு இருந்தால் வீட்டுத் தலைவனுக்கு ஆகாது என்பார்கள். கிணற்றுக்கு உரிய இடம் வடகிழக்கு, ஈசான மூலை. போதாததற்குப் பாதைகள் வளைந்து வளைந்து போயின. கிணற்றைச் சுற்றிச் சூரியகாந்தி நின்றது. பூசணிக்கொடி கோழிக்கூட்டின் மேல் ஏறிக் கிடந்தது. இரண்டு நேர்கோடுகளை அந்தக் காணியில் நான் காணவில்லை.

மூன்று நாள் சொன்னபடி தண்ணீர் விட்டேன். ஒவ்வொரு தரமும் அந்தக் கிணற்றில்தான் அள்ள வேண்டும். நான்காம் நாள் ஒரு முடிவுக்கு வந்தேன். எதையும் இடம் மாற்ற முடியாதென்றால் முதலிலிருந்து தொடங்குவதுதான் வழி. முறைப்படி நிலையம் எடுத்து, அதாவது சாத்திரப்படி மனை குறித்து, வீட்டையும் கிணற்றையும் உரிய மூலைகளில் வைத்து, பாத்திகளை நூல் பிடித்துக் கட்டினால், அவள் எட்டு மாதத்தில் செய்ததை நான் ஆறு நாளில் செய்துவிடலாம். திரும்பி வந்து பார்த்துச் சந்தோஷப்படுவாள். இதை நான் மனமார நம்பினேன்.

பஞ்சாங்கமும் பார்த்தேன். வெள்ளிக்கிழமை பத்தரைக்கு இராகுகாலம் தொடங்கும். அதற்கு முன்பே நல்ல நேரம் இருந்தது. குளித்து, திருநீறு பூசிக்கொண்டு உட்கார்ந்தேன். 'புதிதாகத் தொடங்கு' என்பதை அமத்தினேன். சேமித்து வைத்த காணி அழிந்துவிடும், சம்மதமா என்று கருவி ஆங்கிலத்தில் கேட்டது. ஓம் என்றேன். அழிந்தால் மீட்க முடியாது, உறுதிதானா என்று மறுபடி கேட்டது. காணி உறுதி எழுதும் இடத்தில்கூட ஆட்களிடம் இவ்வளவு விளக்கமாகக் கேட்பதில்லை. அதற்கும் ஓம் என்றேன். கன்று போட்ட மாடும் பூசணியும் சூரியகாந்தியும் ஒரு கணத்தில் போய்விட்டன. பற்றை பிடித்த வெறுங்காணி வந்தது. எனக்கு மனம் நிறைந்திருந்தது.

அந்த நிறைவு மூன்று நாள்கூடத் தாங்கவில்லை. வீட்டை வைத்தேன். ஈசான மூலையில் கிணற்றை வெட்டினேன். அதற்குப் பிறகு விளையாட்டுக்குள் எனக்காக உழைக்கும் ஆள், கொஞ்ச நேரம் கொத்தினாலே களைத்து மயங்கி விழுந்தான். கிணற்றிலிருந்து பாத்திக்கு வாளியோடு போய் வருவதிலேயே விளையாட்டின் பகல் முடிந்தது. மாடு வாங்க வழி இல்லை. அவள் வந்த அன்று என் காணியில் இருந்தவை நேராகக் கட்டிய ஆறு பாத்தி முள்ளங்கி, அவ்வளவுதான்.

வந்த மறுநாள் காலை அவள் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு கதிரைக்குப் போனாள். நான் பத்திரிகையைப் பிடித்திருந்தேன்.

"இதென்ன? என்ரை மாடு எங்கை?"

"கரண்ட் போய்ப் போய் வந்தது. உது தன்ரைபாட்டிலை அழிஞ்சுபோச்சு. விட்ட இடத்திலை நான் புதிசாத் தொடங்கி வைச்சிருக்கிறன்," என்றேன்.

இந்தப் பொய்யை நான் முன்கூட்டியே ஒத்திகை பார்த்து வைத்திருந்தேன். இதையும் எழுத வேண்டும். தோட்டத்தை அழித்தபோது நன்மை செய்கிறேன் என்று நினைத்தேன். பொய் சொன்னபோது எனக்கு அப்படி ஒரு நினைப்பும் இல்லை.

அவள் மகளுக்கு வீடியோ அழைப்பு எடுத்தாள். என்ன நடந்தது என்று சொல்லி, மீட்க வழி உண்டோ என்று கேட்டாள்.

"அம்மா, அது தன்ரைபாட்டிலை அழியாது. ரெண்டு தரம் கேக்கும். ஆரோ ஓம் ஓம் எண்டு அமத்தியிருக்கினம். அப்பா பக்கத்திலை நிக்கிறாரோ?"

"சும்மா இரு பிள்ளை. கொப்பர் அப்பிடிச் செய்யிற ஆள் இல்லை."

அவள் அதை என்னைத் திரும்பிப் பார்க்காமலே சொன்னாள். பார்த்துச் சொல்லியிருந்தால் நான் பத்திரிகையை இன்னும் கொஞ்சம் உயர்த்தியிருப்பேன். என்னில் சந்தேகம் வைத்துப் பார்க்கவும் அவளுக்குத் தோன்றவில்லை என்பதுதான் என்னைப் பேச வைத்தது.

"நான்தான் அழிச்சனான்," என்றேன்.

"என்னத்துக்கு?"

"கன்னி மூலையிலை கிணறு. அது வீட்டுத் தலைவனுக்குக் கூடாது."

"அந்த வீட்டிலை தலைவன் ஒருத்தரும் இல்லை," என்றாள் மனைவி. "நான் மட்டும்தான்."

மகள் அங்கே வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். மனைவியும் சிரிப்பாள் என்று எதிர்பார்த்தேன். அவள் பிறகு எடுப்பதாகச் சொல்லி அழைப்பை நிறுத்தினாள். கருவியை மடியில் வைத்தாள்.

"குசினிக்குப் பக்கத்திலை கிணறு இருந்தால் எப்பிடி இருக்கும் எண்டு பாக்க ஆசையாயிருந்தது. வாசலிலை நிண்டு கையை நீட்டினால் தண்ணி. அவ்வளவுதான். இஞ்சை குசினியிலையிருந்து கிணத்துக்கு எத்தினை எட்டு எண்டு உங்களுக்குத் தெரியுமோ?"

எனக்கு அது அடியிலும் அங்குலத்திலும் தெரியும். கால் எட்டி நடக்கும் எட்டில் தெரியாது.

"நாப்பத்தாறு. போக நாப்பத்தாறு, வர நாப்பத்தாறு. வயித்திலை பிள்ளையோடையும் நாப்பத்தாறுதான். மோட்டர் பூட்டி ஆறினம் எண்டு பாத்தால், சண்டைக்குள்ளை கரண்டும் இல்லை, மண்ணெண்ணெயும் இல்லை. திரும்பவும் வாளி."

"அப்ப நீர் அந்த நேரமே சொல்லியிருக்கலாமே?"

"நீங்கள் கேட்டனீங்களோ?"

கேட்கவில்லை. இந்த நாலு பரப்புக் காணி அவளுக்குச் சீதனமாக வந்தது. உறுதியில் இருப்பது அவள் பெயர். நிலையம் எடுத்த அன்று வீடு கட்ட வந்த ஆசாரியாரும் அவளுடைய தகப்பனாரும் என் தகப்பனாரும் நானும் நூலும் ஆப்பும் வைத்துக்கொண்டு காணிக்குள் நின்றோம். குசினியை அக்கினி மூலையிலும் கிணற்றை ஈசான மூலையிலும் குறித்தோம். கிணற்றுக்கு நான் என் கையால் ஆப்படித்தேன். கலியாணமாகி இரண்டு மாதமான பெண் ஒரு தட்டத்தில் தேத்தண்ணி கொண்டுவந்து, நான்கு பேருக்கும் கொடுத்து, வெறும் தட்டத்தோடு திரும்பிப் போனாள். தண்ணீர் அள்ளப்போகிறவள் அவள்தான் என்பது எங்கள் நால்வருக்கும் தெரியும். சாத்திரம் பார்த்தோம், சரிவு பார்த்தோம், ஊற்றுப் பார்த்தோம். அவளை ஒரு சொல் கேட்க வேண்டும் என்று ஒருவருக்கும் படவில்லை. அன்றைக்கு அப்படித்தான் எல்லோரும் செய்தார்கள் என்று சொல்லித் தப்பலாம். எல்லோரும் செய்தார்கள் என்பது உண்மைதான். இந்தக் காணியில் செய்தது நான்.

நான் மன்னிப்புக் கேட்டேன். "ம்" என்றாள். மூன்று நாள் அவள் அந்தக் கதிரைப் பக்கம் போகவில்லை. காலையில் தேத்தண்ணி குடித்த பிறகு என்ன செய்வதென்று தெரியாமல் அரிசிப் பானையைத் திறந்து பார்த்துவிட்டு மூடினாள். அதைப் பார்த்துக்கொண்டிருப்பதுதான் எனக்குக் கிடைத்த தண்டனை. நான்காம் நாள் நானே கருவியை எடுத்துக் கையில் கொடுத்தேன்.

"இதை அழிச்சுப்போட்டு உம்மடை எண்ணத்துக்குத் தொடங்கும். நான் அந்தப் பக்கமே வரமாட்டன்."

அவள் திறந்து பார்த்தாள். "இதென்ன, சவுக்காலையிலை கல்லறை கட்டின மாதிரிப் பாத்தி," என்றாள். பிறகு ஒவ்வொரு பாத்தியாகப் போய்ப் பார்த்தாள். வெங்காயக்காரரின் மகள் பயிரைப் பார்க்கும் விதமே வேறு. இலையைப் பார்த்து நாள் சொல்லிவிடுவாள்.

"இன்னும் ரெண்டு நாளிலை பிடுங்கலாம்."

"பரவாயில்லை, அழியும்."

"நிக்கிற பயிரை ஆராவது அழிப்பினமே?"

குத்திக்காட்டச் சொல்லவில்லை. தோட்டக்காரர் யாரும் சொல்லும் சாதாரணப் பேச்சு அது. முள்ளங்கிக்கு அன்றைய தண்ணீரை விடத் தொடங்கினாள். ஈசான மூலையிலிருந்து பாத்திக்கு, வாளி வாளியாக.

இரண்டு நாள் அப்படியே தண்ணீர் விட்டாள். மூன்றாம் நாள் காலை ஆறு பாத்தியையும் பிடுங்கி முடித்துவிட்டு என்னைக் கூப்பிட்டாள். கருவி முதல் கேள்வியைக் கேட்டுக்கொண்டு நின்றது. அவள் பெருவிரல் பொத்தானுக்கு மேலே இருந்தது.

"என்னப்பா, அழிக்கட்டோ?"

"நீர் விரும்பினபடி செய்யும்."

"என்ரை விருப்பம் இருக்கட்டும். நட்டவர் நீங்கள். சொல்லுங்கோ, அழிக்கட்டோ?"

நான் பதில் சொல்லும் வரை அவள் அமத்தவில்லை.