சர்வர் அக்காவும் நீலத் திரையும்

பார்வையற்றவர்கள் தடவிப் படிக்கும் புத்தகங்களை அச்சிடும் அந்த பிரெயில் அச்சகத்தில் அவரை எல்லோரும் சர்வர் அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். புதிதாக வருகிறவர்கள் தப்பாகப் புரிந்துகொண்டு, "எனக்குச் சர்க்கரை வேண்டாம்" என்று சொல்லிவிடுவதும் உண்டு. அக்கா அதற்கெல்லாம் கோபப்படுவதில்லை. கோபப்படவும் கொஞ்சம் தெம்பு வேண்டும்.

தட்டச்சு செய்யத்தான் வேலைக்குச் சேர்ந்தார். கம்ப்யூட்டர்கள் வந்தபோது, "இதையும் கொஞ்சம் பாத்துக்கோம்மா" என்றார் அப்போதிருந்த மேலாளர். அந்தக் 'கொஞ்சம்' வளர்ந்துகொண்டே போய், சுவரில் செருகுகிற எல்லாமே அக்காவின் தலையில் வந்து விழுந்தன. மின்விசிறி முனகினாலும் அக்காவைத்தான் தேடினார்கள்.

வீட்டில் மாமனார் பக்கவாதத்தில் படுத்திருந்தார். தினமும் காலையில் அவரைப் புரட்டிப் படுக்கவைத்து, உடம்பு துடைத்து, ஊட்டிவிட்டுத்தான் அக்கா கிளம்புவார். கணவர் பஸ் டிரைவர். ஒருவர் உள்ளே வரும் நேரம் இன்னொருவர் வெளியே போகும் நேரம். "நாம குடும்பம் நடத்துறதே வாசப்படியிலதான்" என்பார் அவர். இந்த வேலையை விட்டுவிட்டால் என்ன என்று அக்கா யோசிக்கத் தொடங்கி ரொம்ப நாளாகிவிட்டது. யோசிக்கவும் நேரம் அமையவில்லை.

அன்று அச்சகத்துக்குள் நுழைந்ததுமே கருகிய வாடை வந்தது. புள்ளி குத்தும் இயந்திரம் வாயை மூடிக்கொண்டு நின்றது. வழக்கமாக அது போடும் 'டக டக'வில் பக்கத்து அறையில் பேசுவது கேட்காது. அன்று சுவர்க் கடிகாரத்தின் சத்தம்கூடக் கேட்டது. இயந்திரத்துக்குக் கட்டளை கொடுக்கும் பழைய சர்வரைத் திறந்து பார்த்தார். உள்ளே பலகையில் சில பாகங்கள் வீங்கி வெடித்திருந்தன. தகவல்கள் இருக்கும் டிஸ்க்குக்கு மட்டும் உயிர் இருந்தது.

பார்வையற்ற பிள்ளைகளின் பொதுத்தேர்வுக் கேள்வித்தாள் பாதிதான் அச்சாகியிருந்தது.

மேலாளர் வந்து எட்டிப் பார்த்தார். "புதுக் கம்ப்யூட்டர் ஒண்ணை வச்சு ஓட்டிட முடியாதா?"

"இந்த மெஷினோட புரோகிராம் அந்தப் பழைய சர்வரை இயக்குற ஓஎஸ்லதான் ஓடும் சார். புதுக் கம்ப்யூட்டர் அந்த ஓஎஸ்ஸை ஏத்துக்காது. ரெண்டுத்தையும் சேர்த்து மாத்தணும்னு நான் வருஷா வருஷம் சொல்லிட்டுத்தானே இருக்கேன்."

"அதை அப்புறம் பேசலாம். இன்னிக்கு முடிஞ்சிடும்ல?"

கணக்குப் பிரிவு ஒதுக்கிப் போட்ட ஒரு பழைய கம்ப்யூட்டர் சாமான் அறையில் இருந்தது. அதன்மேல் யாரோ குடையைக் காயப்போட்டிருந்தார்கள். அக்கா அதை இடுப்பில் வைத்துத் தூக்கி வந்து, தூசி தட்டி, உள்ளே ஒரு காலி டிஸ்க்கை மாட்டி, மேசையில் வைத்தார். பழைய ஓஎஸ் இருந்த குறுந்தகட்டை உள்ளே தள்ளிவிட்டு நாற்காலியில் சாய்ந்தார்.

அப்போதுதான் பிழை பார்ப்பவர் வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். பிறவியிலேயே பார்வை இல்லாதவர். அங்கே அச்சாகும் ஒவ்வொரு பக்கமும் அவர் விரலடியில் போய்த்தான் வெளியே போகும். இயந்திரம் ஓடாததால் அவருக்கும் வேலை இல்லை. அச்சகத்தில் எல்லோருக்கும் அவர் அண்ணன்.

"என்னம்மா சொல்லுது?"

"நீலத் திரை அண்ணே. வெள்ளை எழுத்து. ஹார்டு டிஸ்க்கே இல்லைங்குது."

"இருக்குதானே?"

"இருக்கு. என் கையாலதான் மாட்டினேன்."

"அப்ப யாரு பொய் சொல்றா?"

அக்காவுக்குச் சிரிப்பு வந்தது. "யாரும் பொய் சொல்லலண்ணே. இந்த ஓஎஸ் வந்த காலத்துல இந்த மாதிரி இணைப்பு கிடையாது. அதுக்கு இது என்னன்னே புரியல."

கம்ப்யூட்டரின் அமைப்புக்குள் போய், டிஸ்க் பழைய முறையிலேயே பேசும்படி மாற்றிவிட்டு மறுபடி தொடங்கினார். இந்த முறை நீலத் திரை டிஸ்க்கை ஒப்புக்கொண்டது. கோப்புகள் ஒவ்வொன்றாக ஏறின. திரையில் வருவதையெல்லாம் அக்கா வாசித்துச் சொல்ல, அண்ணன் கிரிக்கெட் வர்ணனை கேட்பதுபோல் தலையைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருந்தார்.

நடுவில் கணவர் போன் செய்தார். "அப்பா உன்னைத்தான் கேட்டுக்கிட்டே இருக்கார். எப்ப வருவே?"

"இன்னும் அரை மணி நேரம்னு காட்டுதுங்க."

"கம்ப்யூட்டர் சொல்ற அரை மணியா? சரி, நான் இன்னிக்கு லீவு சொல்லிடறேன்."

 கணவருக்கு லீவு அவ்வளவு சுலபமாகக் கிடைக்காது. கேட்டு வாங்க எவ்வளவு கெஞ்சவேண்டுமென்று அக்காவுக்குத் தெரியும்.

பாதி வேலை முடிந்ததும் உரிம எண் கேட்டது. அது பழைய சர்வர் பெட்டியின் பக்கவாட்டில், பாதி தேய்ந்த ஸ்டிக்கரில் இருந்தது. பெட்டியோ மேசைக்கு அடியில், ஒயர்களுக்கு நடுவில். அக்கா டார்ச்சைப் பிடித்துக்கொண்டு அதனடியில் நுழைந்தார்.

"நீ வாசிம்மா, நான் வச்சுக்கறேன்" என்றார் அண்ணன்.

அடியிலிருந்து எழுத்து எழுத்தாகக் குரல் வந்தது. அண்ணன் விரலால் தொடையில் தட்டி மனதில் வாங்கிக்கொண்டார். அக்கா எழுந்து வந்து உட்கார்ந்ததும் ஒன்றுவிடாமல் திருப்பிச் சொன்னார். கம்ப்யூட்டர் தப்பு என்றது.

"ஒரு எடத்துல பி-யா எட்டான்னு எனக்கே சரியா தெரியலண்ணே."

"பி போட்டியா? அப்ப எட்டைப் போடு."

எட்டைப் போட்டதும் ஏற்றுக்கொண்டது. அக்கா மேசையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டார். அப்படியே கண் செருகிவிட்டது. குறுந்தகடு சுற்றும் சத்தம் நின்றபோது அண்ணன்தான் மெல்லக் கூப்பிட்டார்.

புரோகிராமை ஏற்றி, இயந்திரத்தை இணைத்து, ஒரு பக்கம் அச்சடித்தார். அறை முழுக்க 'டக டக' கேட்டதும் பக்கத்து அறையில் யாரோ கை தட்டினார்கள். அண்ணன் தாளை வாங்கி விரலை ஓட்டினார். முகத்தைச் சுளித்தார்.

"இது எந்த ஊர் மொழிம்மா?"

எந்தத் தமிழ் எழுத்துக்கு எந்தப் புள்ளிகள் என்ற அட்டவணை பழைய சர்வரின் டிஸ்க்கிலேயே தங்கிவிட்டது. அக்கா வாய்விட்டு ஒரு பெருமூச்சு விட்டார். மேசைமேல் இருந்த கம்ப்யூட்டரை மறுபடி திறந்து, அந்த டிஸ்க்கையும் உள்ளே மாட்டி, அட்டவணையைத் தேடி எடுத்து உரிய இடத்தில் வைத்தார். அடுத்த தாளை அண்ணன் கடைசி வரி வரைக்கும் தடவிப் பார்த்தார்.

"கணக்குக் கேள்வி. கஷ்டமாத்தான் இருக்கு" என்றார். அதுதான் அவர் பாணியில் 'சரியாக இருக்கிறது' என்பது.

சத்தம் கேட்டு மேலாளர் வந்தார். முகமெல்லாம் மலர்ச்சி. "நான்தான் சொன்னேனே. இது இன்னும் அஞ்சு வருஷம் ஓடும். புதுசு வாங்கற பேச்சே வேண்டாம்."

அக்கா திருகாணிகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தார். இத்தனை வருஷமும் புதியது வராததற்குத் தானேதான் காரணம் என்பது அவருக்கு அப்போதுதான் உறைத்தது. விழும்போதெல்லாம் அவர் எழுப்பி நிறுத்தினார். நிற்கிறதை யார் மாற்றுவார்கள்?

"சார், அடுத்த தடவை இது விழுந்தா நான் தொடமாட்டேன்."

"விளையாடாதீங்கம்மா."

"விளையாட எனக்கு ஏது சார் நேரம்?"

குரல் உயரவில்லை.  அண்ணன் தாளை மடியில் வைத்துக்கொண்டு சொன்னார்: "இன்னிக்கு முழுக்க பக்கத்துலயே இருந்து கேட்டேன் சார். இவங்க உடம்புக்கு முடியாம இன்னிக்கு வராம இருந்திருந்தா, தேர்வே நின்னுபோயிருக்கும். அவ்வளவு சுமையை இவங்க ஒருத்தர் மேல ஏத்தக் கூடாது."

மேலாளர் தன் அறைக்குப் போனார். பிறகு சில நாள் அக்காவோடு முகம் கொடுத்தே பேசவில்லை. கேள்வித்தாள்கள் நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தன. தேர்வெல்லாம் முடிந்த பிறகு ஒரு காலை, இயந்திரம் விற்கிறவர்கள் அளவுநாடாவோடு வந்து பழைய இயந்திரம் நின்ற மூலையை அளந்துகொண்டு போனார்கள். யார் வரச்சொன்னது என்று அக்காவும் கேட்கவில்லை, மேலாளரும் சொல்லவில்லை.

புதிய இயந்திரமும் சர்வரும் வந்து இறங்கிய வாரம் அக்கா லீவு போட்டார். வேலையை விடவில்லை, விடுவதற்கு முன் ஒரு வாரம் தூங்கிப் பார்க்கலாமே என்று தோன்றியது. மாமனாருக்குச் சாப்பாடு ஊட்டிக்கொண்டிருந்தபோது அண்ணன் போன் செய்தார்.

"எல்லாம் மாட்டியாச்சும்மா. முதல் பக்கமே சுத்தமா வந்துச்சு. ஒரு தொந்தரவும் இல்ல."

"அப்படியா. நல்லதுண்ணே."

தான் இல்லாமலே சரியாக வந்துவிட்டது என்பது அக்காவுக்குக் கொஞ்சம் வலித்தது. மாமனாரின் வாயைத் துடைத்துவிட்டு, பக்கத்திலேயே தரையில் பாயை விரித்தார். வலித்ததைவிட அதிகமாகத் தூக்கம் வந்தது.