தவமணி அக்கா சொன்ன இரண்டாவது வாக்கியம்

அருப்புக்கோட்டையிலிருந்து வந்து திருச்சுழி பேருந்து நிலையத்தில் இறங்கி, பள்ளிக்குப் போகும் ஷேர் ஆட்டோவுக்காக நின்றுகொண்டிருந்தேன். தவமணி அக்காவின் மகள் கயல் அழைத்தாள். "சித்தி, அம்மா போயிட்டாக. காலையில காபி குடிச்சிட்டு நாற்காலில உக்காந்தவுக எந்திரிக்கவே இல்ல."

இரண்டு நாளாக மழை. நிலையத்துச் சுவரோரம் ஐந்தாறு காளான்கள் வெள்ளையாக முளைத்திருந்தன. அவற்றைப் பார்த்தபடியே "வாரேன்மா" என்றேன். வந்த பஸ்ஸிலேயே திரும்பிப் போனேன்.

தவமணி டீச்சரிடம் தாவரவியல் படித்தவர்களுக்கும், அவருடன் வேலை பார்த்தவர்களுக்கும், ஆறு வருடங்களுக்கு முன் அவரை ஏசியவர்களுக்கும் சேர்த்தே இதை எழுதுகிறேன். நான் அதே பள்ளியில் கணக்கு டீச்சர். அவரை அக்கா என்றுதான் கூப்பிடுவேன்.

ஐப்பசி பிறந்தால் எங்கள் பள்ளி ஆய்வகத்து வாசலில் மஞ்சப்பையோடு யாராவது நிற்பார்கள். கண்மாய்க்கரையிலும் கருவேலங்காட்டிலும் பறித்த காளானைக் கொண்டுவந்து அக்காவிடம் காட்டிவிட்டுத்தான் சமைப்பார்கள். ஒருமுறை வீரசோழனிலிருந்து வந்த ஒருவர், "இத எறும்பு திங்குது டீச்சர், நாம திங்கக் கூடாதா?" என்று கேட்டார். "எறும்பு வயிறு வேற, ஒங்க வயிறு வேற" என்று சொல்லிவிட்டு அக்கா மேசை மேல் இரண்டு காளான்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். மேலிருந்து பார்த்தால் இரண்டும் வெள்ளைக் குடைதான். ஒன்றை எடுத்துத் திருப்பினார். குடையின் நடுவில் கூர்மையாக ஒரு முனை, தண்டு வழவழவென்று, அடியில் முழ நீளத்துக்கு வேர் மாதிரி ஒரு வால். அது புற்றுக்காளான். கறையான் புற்று வரைக்கும் அந்த வால் போகும். மற்றதற்கு வால் கிடையாது. தண்டைச் சுற்றி மோதிரம் போல ஒரு வளையம். "இளசா இருக்கையில இதுவும் அடியில வெள்ளையாத்தான் இருக்கும். முத்துனா பச்சையாகும். வெள்ளத்தாள்ல கவுத்து வச்சா பச்சப்பொடி உதிரும். அதான் நஞ்சு" என்றார். "படத்தப் பாத்து, நிறத்தப் பாத்து திங்காதீக. தோண்டிப் பாருங்க."

ஆறு வருடங்களுக்கு முன், ஐப்பசியில் ஒரு வெள்ளிக்கிழமை மாலை அவர் ஆய்வகத்தில் நுண்ணோக்கிக் கண்ணாடிகளைக் கழுவிக்கொண்டிருந்தார். நான் கிளம்பும் அவசரத்தில் இருந்தேன். மேசையிலிருந்த அவருடைய போனில் ஒரு படம் வந்தது. அனுப்பியவர் செல்வராணி, எம்.ரெட்டியபட்டிப் பக்கத்தில் ஒரு சிற்றூர், எங்கள் பழைய மாணவி ஒருத்தியின் அக்கா. ஒரு முறத்தில் வெள்ளைக் காளான்கள். கீழே, 'டீச்சர் இத ஆக்கலாமா' என்று ஒரு வரி.

அக்காவின் கை ஈரமாக இருந்தது. போனை எடுத்து முகத்துக்கு நேரே காட்டினேன். பார்த்துவிட்டு இரண்டு வாக்கியம் சொன்னார். "புத்துக்காளான் மாதிரி இருக்கு. வேரும் அடிப்பக்கமும் பாக்காம ஆக்க வேணாம்னு போடு விஜி."

நான் முதல் வாக்கியத்தைத் தட்டினேன். வெளியே பஸ்ஸின் ஹாரன் கேட்டது. அதை அனுப்பிவிட்டு, போனை மேசையில் வைத்துவிட்டு ஓடினேன்.

பஸ்ஸில் உட்கார்ந்த பிறகு இரண்டாவது வாக்கியம் நினைவுக்கு வந்தது. என்னிடமும் போன் இருந்தது. அக்காவைக் கூப்பிட்டு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அவர் பார்த்துக்கொள்வார் என்று ஜன்னலில் சாய்ந்துகொண்டேன். நான் எழுதியிருப்பேன் என்று நினைத்து அவர் போனைப் பார்க்கவே இல்லை.

செல்வராணி கொஞ்சம்தான் சாப்பிட்டிருந்தார், பிழைத்துக்கொண்டார். அவருடைய கணவர் மாரிமுத்து ஏற்கெனவே சிறுநீரகக் கோளாறு உள்ளவர். வாந்தியிலும் பேதியிலும் உடம்பில் தண்ணீர் வற்றி, ஞாயிற்றுக்கிழமை மருத்துவமனையில் இறந்தார்.

திங்கள்கிழமை அக்கா துக்கம் கேட்கப் போனார். நானும் போனேன். செல்வராணி அழவில்லை. "நீங்க சொன்னதுனாலதான டீச்சர் ஆக்குனேன்? மஞ்சப்பொடி கூடப் போட்டுப் பாத்தேன். நஞ்சுன்னா கறுக்கும்பாக, கறுக்கல" என்றார்.

அக்கா, "ஆமா தாயி. எம் போன்லருந்துதான் வந்துச்சு" என்றார்.

நான் அவருக்குப் பின்னால் ஓரடி தள்ளி நின்றிருந்தேன்.

திரும்பும் வழியில், "நான் போயிச் சொல்லிடுறேன்க்கா" என்றேன். "என்னத்தச் சொல்லுவ? மாதிரி இருக்குன்னு சொன்னவ நான்தான. மேலாப்புல எடுத்த படத்தப் பாத்து அந்த வார்த்தையே என் வாயில வந்திருக்கக் கூடாது" என்றார். சற்றுத் தூரம் நடந்த பிறகு, "ஒனக்கு இப்பத்தான் வேலை நிரந்தரமாயிருக்கு. பேசாம இரு" என்றார். பேசாமல் இருந்தேன். அவர் சொன்னதற்காக இருந்தேன் என்றே பல காலம் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

பள்ளியில் விளக்கம் கேட்டார்கள். தவறு தன்னுடையது என்று எழுதிக் கொடுத்தார். பெற்றோர் கூட்டத்தில் ஒருவர் அவர் முகத்துக்கு நேரே கொலைகாரி என்றார். அன்றைக்கும் நான் அங்கே இருந்தேன். அதன்பின் மழை விட்ட காலைகளில் அக்கா எல்லோருக்கும் முன்னால் பள்ளிக்கு வந்து, மைதானத்தில் முளைத்திருக்கும் ஒவ்வொரு காளானையும் பிடுங்கிக் குழியில் போட்டு மூடுவார். கல்யாண வீட்டில் காளான் பிரியாணி வைத்தால் இலையை மடித்துவிட்டு எழுந்துவிடுவார். மழைக்காலச் சனிக்கிழமைகளில் ஊர் ஊராகப் போய், ஒரு தட்டில் நல்லதையும் நஞ்சையும் வைத்துப் பெண்களிடம் காட்டுவார். ஒருநாள்கூட என்னைக் கூப்பிட்டதில்லை. ஓய்வு பெற்ற பிறகும் போனார். எனக்கு மழை பெய்தாலே பயம். பஸ் ஜன்னலில் வெள்ளையாக எது தெரிந்தாலும், காகிதமோ கொக்கோ, முகத்தைத் திருப்பிக்கொள்வேன்.

இறுதிச் சடங்கு நாளில் அருப்புக்கோட்டை வீட்டுக்குச் செல்வராணி வந்திருந்தார். உள்ளே வராமல் தெருவில் ஒதுங்கி நின்றார். அவரிடம் போனேன். அந்தச் செய்தியைத் தட்டியது நான் என்றும், அக்கா சொன்னதில் பாதியை விட்டுவிட்டேன் என்றும், விட்ட பாதி என்னவென்றும் சொன்னேன்.

"ஆறு வருசமா அவுகளையில்ல வைஞ்சுக்கிட்டு இருந்தேன்" என்றார். பிறகு, "போன மழைக்கு எங்க ஊருக்குத் தட்டோட வந்தாக. வெயிலு. குடிக்கத் தண்ணி கேட்டாக. நான் குடுக்கல" என்றார். "அவுக இருக்கையில நீங்க சொல்லிருக்கக் கூடாதா டீச்சர்?"

அவர் என்னைக் கடந்து உள்ளே போய், அக்காவின் கால்மாட்டில் உட்கார்ந்தார். தூக்கும்வரை எழுந்திருக்கவில்லை.

பதினாறாம் நாள் முடிந்து கயல் அக்காவின் ஃபைல் ஒன்றைக் கொடுத்தாள். அதில் வெள்ளைத் தாள்கள். ஒவ்வொன்றிலும் ஒரு காளான் குடை கவிழ்ந்து கிடந்த தடம், சக்கரத்தின் ஆரங்களைப் போலப் பச்சைப்பொடியில் பதிந்திருக்கிறது. ஓரத்தில் பென்சிலால் ஊர்ப் பெயரும் தேதியும். ஒன்றில், 'செல்வராணி வீடு, மாட்டுக்கொட்டம் பின்புறம்' என்று இருக்கிறது. மாரிமுத்து இறந்த அடுத்த வருட மழையில் அங்கே போய்த் தானே குனிந்து எடுத்திருக்கிறார். அவர் என் பெயரைச் சொல்லாமல் என்னைக் காத்த ஆறு வருடத்தோடு, அவரிடமிருந்து எனக்கு மிஞ்சியது இந்தத் தாள்கள்தான்.

இந்தச் சனிக்கிழமை செல்வராணியின் ஊருக்குப் போகிறேன். அந்தத் தாள்களையும் ஒரு தட்டையும் எடுத்து வைத்துவிட்டேன். பெண்கள் கூடினால் முதலில் என் பெயரைச் சொல்லி, நான் செய்ததைச் சொல்லிவிட்டு, அப்புறம்தான் காளானைக் காட்ட வேண்டும். தண்ணீர் கேட்க மாட்டேன்.