எங்கள் அமெரிக்கப் பெயர்

எங்கள் பெயருக்குப் பின்னால் ஓர் அமெரிக்கக் குடும்பப் பெயர் ஐந்து தலைமுறையாக ஒட்டிக்கொண்டிருக்கிறது. என் பாட்டனாரின் தந்தை அமெரிக்கப் பாதிரியாருக்குப் பிறந்தவர் என்பது வீட்டுக் கதை. கிறிஸ்துமஸ் அன்று வீட்டில் மூத்தவர் அதைச் சொன்ன பிறகுதான் சாப்பாடு.

அது பொய் என்று எனக்கு நாற்பத்தொரு வருடமாகத் தெரியும். இங்கே ரங்கூனில், போட்டாதாங் தேவாலயச் சபையில் எழுத்தராக இருந்தபோது பழைய ஞானஸ்நானப் பதிவேட்டைப் பார்த்தேன். அந்தப் பாதிரியார் தாம் வளர்த்த அநாதைப் பையன்களுக்குத் தம் பெயரையே வைத்திருக்கிறார். ஒரே பக்கத்தில் பதினொரு பேர். எங்களவர் ஏழாவது. வலப்பக்கக் கட்டத்தில், தகப்பன்: துறைமுகக் கூலி, காலராவில் இறந்தவர். நான் யாரிடமும் சொல்லவில்லை.

போன வருடம் பாதிரியாரின் வம்சத்துப் பெண்மணி ஒருவர் அமெரிக்காவிலிருந்து மின்னஞ்சல் அனுப்பினார். குடும்ப வரலாறு எழுதுகிறாராம். பாதிரியார் ரங்கூனில் ஒரு பிள்ளையை விட்டுவந்தார் என்று அவர்கள் வீட்டிலும் பேச்சு. இரத்த உறவானால் என் மகனை அங்கே அழைத்துக்கொள்ள முயல்வதாகவும், பதிவேட்டின் படம் வேண்டும் என்றும் எழுதியிருந்தார்.

மகனுக்கு முப்பத்துமூன்று வயது. பட்டாளத்துக்கு ஆள் எடுக்கும் வார்டு பட்டியலில் அவன் பெயர் இருக்கிறது. முப்பத்தைந்து முடிந்தால் விட்டுவிடுவார்கள்; அதற்கு இன்னும் இருபத்திரண்டு மாதம். அவனிடம் உண்மையைச் சொன்னேன்.

"வலது பக்கத்தைக் கையால மறைச்சு எடுங்கப்பா."

"பதிவேட்டை மறைக்கிறதா?"

"என்னைப் புடிச்சுட்டுப் போற அன்னைக்கு முழுசாக் காட்டுங்க. இப்ப மறைங்க."

நாங்கள் இருக்கும் தாகேதாவிலிருந்து இரண்டு பஸ் மாறிச் சபைக்குப் போனேன். மறைத்த கை இரண்டு முறை பெயர் மேலும் விழுந்ததில், மறைத்து எடுத்த படம் மூன்று ஆயிற்று. ஒரு பக்கத்தை மறைத்து எடுத்தால் முழுப் பக்கத்தின் படமும் கோப்பில் இருக்க வேண்டும் என்பது என் உத்தியோகப் பழக்கம், அதையும் எடுத்தேன். வீட்டுக்கு வந்து எண்ணிச் சரிபார்த்து அனுப்பினேன். நான்கு படங்கள்.

மூன்றாம் நாள் பதில் வந்தது. பாதிரியார் தவறு செய்யவில்லை என்று தெரிந்ததில் நான்கு தலைமுறை அவமானம் தீர்ந்ததாம். எனக்கு நன்றி. பதினொரு பையன்களும் புத்தகத்தில் இடம்பெறுவார்கள். அழைத்துக்கொள்வது பற்றி ஒரு சொல்லும் இல்லை.

மகன் இரண்டு முறை படித்தான்.

"அவங்க மானம் தப்பிச்சுது. நாலாவது படத்தை ஏம்ப்பா அனுப்பினீங்க?"

சென்ற வெள்ளிக்கிழமை வார்டு அலுவலகத்தில் பட்டாளத்துக்குச் சீட்டுக் குலுக்கினார்கள். ஒன்பது பெயர் வாசித்தார்கள். ஐந்தாவது அவனுடையது, அந்த அமெரிக்கப் பெயரோடு.