ஆகாசக்கொடி தோஷம்

ஆனையூர் வீட்டு மொட்டைமாடியில் இருக்கும் சிமெண்டுத் தண்ணீர்த் தொட்டியில் ஒரு பச்சைக் கொடி இருக்கிறது. அதற்கு வேர் கிடையாது. இலைகளுக்கு நடுவே மஞ்சள் புள்ளிகளாக நட்சத்திரங்கள். கேட்டுக்கு அடித்து மிச்சமான பெயிண்டில் என் அக்கா வரைந்தது. அதன்மேல் அப்பா ஒருநாள் சுண்ணாம்பு அடித்தார். எனாமல் மேல் சுண்ணாம்பு எத்தனை காலம் நிற்கும்? உரிந்து உரிந்து இப்போது கொடி நன்றாகவே தெரிகிறது. அடித்தவர்தான் போய்ச் சேர்ந்துவிட்டார்.

கோடையில் பொழுது சாய்ந்து கரண்டும் போனால் அக்காவும் நானும் மாடிக்கு ஏறிவிடுவோம். சப்தரிஷி மண்டலத்துக்குக் கீழே கையை நீட்டி, "அந்தா பாருடி, ஆகாசக்கொடி" என்பாள். எனக்கு ஒன்றும் தெரியாது. தெரிகிறது என்று தலையை ஆட்டுவேன். அந்தக் கொடிக்குக் கீழே இரண்டு கூட்டம் மனிதர்களைக் குடிவைத்திருந்தாள். ஒரு கூட்டம் கொடிக்கீழார். அவர்கள் வீட்டுக்குக் கூரை போடுவதில்லை. மழை பெய்தால் என்ன செய்வார்கள் என்று கேட்டால், "நனைவாக. அதுக்காகக் கொடிய மறைக்க முடியுமா?" என்பாள். கொடி தளிர்விடும் காலத்தில், எந்தப் பெண்ணுக்கு மனமிருக்கிறதோ அவள் மட்டும் கல்யாணம் செய்துகொள்வாள். காய்க்காத செடியை ஒருவன் வெட்டினால், அதற்குப் பிறகு அவன் கையால் யாரும் தண்ணீர் வாங்கிக் குடிக்கமாட்டார்கள். இன்னொரு கூட்டம் குடைக்காரர். கொடி இறங்கி வந்து கழுத்தைச் சுற்றிவிடும் என்று பயந்து, நிழலிலும் குடை பிடிக்கிறவர்கள். பானை உடைந்தாலும் கொடிதான் காரணம், பால் திரிந்தாலும் கொடிதான். குடைக்காரர்களைப் பேசவைக்கும்போது அக்கா எங்கள் சொந்தக்காரர்களின் குரலை அப்படியே எடுப்பாள். நான் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பேன்.

அவள் கல்லூரி முடித்து, பி.எட். படிக்க இடமும் கிடைத்திருந்த சமயத்தில் பெண் பார்க்க வந்தார்கள். டீச்சர் வேலை என்றால் அவளுக்கு உயிர். வந்தவர்களோ, படித்தது போதும் என்று வாசலிலேயே சொல்லிவிட்டார்கள். அப்பா பல்லைக் காட்டிக்கொண்டு நின்றார். கேசரித் தட்டை நீட்டிய அக்கா, மாப்பிள்ளையின் அம்மாவிடம் முகத்தைப் பாவமாக வைத்துக்கொண்டு, "எனக்கு ஆகாசக்கொடி தோஷம் இருக்குங்கத்தே. எங்கப்பா சொன்னாரா?" என்றாள். அதென்ன கொடி என்று அந்தம்மாள் கேட்க, "மாப்பிள்ளைக்கு ஒண்ணும் செய்யாது. மாமியாருக்குத்தான் ஆகாதாம்" என்றாள். கண்திருஷ்டிக்கு வாசலில் ஆகாச கருடன் கிழங்கைக் கட்டித் தொங்கவிடுகிற ஊர் இது. ஆகாசக்கொடியை மட்டும் நம்பாமல் இருப்பார்களா? கேசரியை அப்படியே வைத்துவிட்டு எழுந்தார்கள். அன்று சாயங்காலம் மாடியில் நாங்கள் சிரித்த சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது. அதற்குப் பிறகு நாங்கள் சேர்ந்து அப்படிச் சிரிக்கவில்லை.

அடுத்து வந்தவர்கள் தரகரிடமே கொடியைப் பற்றி விசாரித்தார்கள். அதற்கடுத்து யாரும் வரவில்லை. அப்பா எங்கள் ஜோசியரிடம் ஓடினார். அப்படி ஒரு தோஷமே கிடையாது என்று அவர் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் முடிந்திருக்கும். தனக்குத் தெரியாத ஒன்று ஆகாசத்தில் இருக்கலாமா? கண்ணை மூடித் திறந்து, "இருக்கு. பழைய ஏட்டுல இருக்கு. இப்ப உள்ளவனுக்குத் தெரியாது" என்றார். அக்கா அவர் முன்னாலேயே அழுதாள். "நான் கட்டிவிட்ட கதைப்பா அது! தொட்டியில வரைஞ்சு வச்சிருக்கேனே, பார்க்கலையா?" ஜோசியர் அப்பாவைப் பார்த்து மெதுவாகச் சிரித்தார். "கொடி பிடிச்ச பிள்ளை இப்படித்தான் சொல்லும்." அந்த ஆளின் சிரிப்பை நினைத்தால் எனக்கு இன்றும் பற்றிக்கொண்டு வருகிறது.

திருவாதவூரில் எங்கள் பங்காளி ஒருவரின் தோட்டத்தில் பரிகாரம் நடந்தது. குலை தள்ளாத வாழை ஒன்றுக்கு வேட்டி கட்டி, மாப்பிள்ளையாக நிறுத்தினார்கள். அக்கா கழுத்தில் மஞ்சள் கயிறு ஏறியது. கொஞ்ச நேரத்தில் கயிற்றை அறுத்தார்கள். அப்பா அரிவாளை வாங்கி வாழையை ஒரே வெட்டாக வெட்டினார். வெயிலில் நின்ற மகளுக்குச் செம்பில் தண்ணீர் கொண்டுவந்து நீட்டினார். அவள் வாங்கவில்லை. அன்றிலிருந்து அப்பா சாகும்வரை அவர் கையால் ஒரு வாய்த் தண்ணீர் அவள் வாங்கிக் குடித்ததில்லை. அம்மா அதை வீம்பு என்றாள். காரணம் எனக்கு மட்டும்தான் தெரியும்.

பி.எட். இடம் போயிற்று. தோஷம் கழித்த பெண்ணுக்குக் கிடைத்தவர், மனைவியை இழந்து இரண்டு பிள்ளைகளோடு சோழவந்தான் பக்கம் இருந்தவர். கெட்டவரில்லை. ஆனால் அந்த வீட்டில் யாருக்குக் காய்ச்சல் வந்தாலும் மாமியார் அக்காவைத்தான் ஒரு பார்வை பார்ப்பாள். பார்த்துப் பார்த்தே அவளைக் கரைத்துவிட்டார்கள்.

போன மாதம் என் மகளின் ஜாதகத்தோடு சிம்மக்கல்லில் ஒரு ஜோசியரைப் பார்க்கப் போனேன். நம்பிக்கையெல்லாம் இல்லை, மாப்பிள்ளை வீட்டார் கேட்டார்கள். இளவயசு ஆள். கம்ப்யூட்டரில் கட்டத்தைப் பார்த்துவிட்டு, "எல்லாம் நல்லாருக்கும்மா. ஆகாசக்கொடி பார்வைதான் லேசா இருக்கு" என்றார். ஜாதகத்தைப் பிடுங்கிக்கொண்டு வெளியே வந்து, ஆட்டோ இரைச்சலுக்கு நடுவே அக்காவுக்குப் போன் போட்டு அவர் சொன்னதைச் சொன்னேன். சிரிப்பாள், இல்லை அந்த ஆளைத் திட்டித் தீர்ப்பாள் என்று நினைத்தேன்.

"வாழைக்கன்னுக்கு எங்கயும் அலையாத. எங்க கொல்லையில நிக்குது. நான் கொண்டு வாரேன்" என்றாள்.

"அக்கா, அது நீ கட்டிவிட்ட கதைக்கா!"

"அம்புட்டுப் பேரு சொல்றாகளேடி. இல்லாமயா இருக்கும்?"

வேண்டாம், நான் வெட்டப்போவதில்லை என்று சொல்லிப் போனை வைத்தேன். அந்தச் சம்பந்தம் போனால் போகட்டும். ஆனையூருக்கு வந்து மாடி ஏறினேன். தொட்டியில் ஒட்டியிருந்த மிச்சச் சுண்ணாம்பை நகத்தால் சுரண்டினேன். அடியில் இலைகள் பச்சையாகவே இருந்தன. குடைக்காரர்களைக் கேலி செய்து என்னைச் சிரிக்கவைத்தவள், கடைசியில் தானும் குடை பிடித்துவிட்டாள். இருட்டிய பிறகு, சப்தரிஷி மண்டலத்துக்குக் கீழே வெகுநேரம் பார்த்துக்கொண்டு நின்றேன். அங்கே ஒன்றும் இல்லை. அந்த ஒன்றுமில்லாததற்குத்தான் என் அக்காவைக் கொடுத்திருக்கிறோம்.