யாமிலே பேசியதும் மார்க்கண்டர் சொன்னதும்

மார்க்கண்டர் யாழ்ப்பாணத்தை விட்டு நாற்பது வருடமாகியும் பொதுவுடைமையை விட்டவரல்ல. எழுபத்தேழுக்குப் பிறகு இலங்கை அரசாங்கம் இறக்குமதியைத் திறந்துவிட, தகப்பனின் செத்தல் மிளகாய் மூட்டைகள் விலைப்படாமல் கிடந்ததைக் கண்ணால் கண்ட மனுசன். சந்தைப் பொருளாதாரம் என்றாலே அவருக்குப் பற்றிக்கொண்டு வரும். கனடாவின் மொன்ட்ரியால்-நோர் பகுதிப் பேக்கரி ஒன்றில் பாண் பொதி செய்துகொண்டே, "கியூபாவைப் பாருங்கோ" என்று காலம் காலமாகச் சொல்லி வந்தார். அவர் கியூபாவைப் பார்த்ததில்லை. பார்த்த நண்பர்களோ குளிர்காலத்தில் வரடேரோக் கடற்கரைக்குப் போய், ஹோட்டல் வாசலைத் தாண்டாமல் திரும்பி வந்தவர்கள்.

போன வருடம் அதே பேக்கரிக்கு யாமிலே வேலைக்கு வந்தாள். கியூபாக்காரி, அங்கே அரச சீனி ஆலையில் கணக்காளராக இருந்தவள். மார்க்கண்டருக்குத் தலைகால் புரியவில்லை. நவம்பரில் அவருடைய இடதுசாரி வட்டம் நடத்தும் ரஷ்யப் புரட்சி நாள் கூட்டத்தில் பேச வரும்படி கேட்டார். அவளும் சம்மதித்தாள்.

நோத்ர-டாம்-த-கிரேஸ் பகுதியில் ஒரு தேவாலயத்தின் கீழ்த்தள மண்டபம். எல்லாம் நரைத்த தலைகள். பிரெஞ்சு ஒழுங்காகத் தெரிந்த பிள்ளைகள் இந்தக் கூட்டங்களின் பக்கம் தலைவைத்தும் படுப்பதில்லை. அதனால் யாமிலேயின் பிரெஞ்சைத் தமிழாக்கும் பொறுப்பை மார்க்கண்டரே ஏற்றார்.

"சீர்திருத்தம் என்று சொல்லி இரண்டு நாணயங்களை ஒன்றாக்கினார்கள்" என்றாள் யாமிலே. "சம்பளத்தைக் கூட்டினார்கள். விலைகள் அதைத் தாண்டி ஓடின. அம்மாவின் பென்சனுக்கு ஒரு தட்டு முட்டைகூட வாங்க முடியாது. அரசின் கூப்பன் கடையில் அரிசி எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. தனியார் கடைகளில் எல்லாம் இருக்கிறது. அது எங்களுக்கில்லை."

மார்க்கண்டர் மண்டபத்தைப் பார்த்தார். முன்வரிசை முழுக்க அவர் கதைத்துக் கதைத்து நம்பவைத்த முகங்கள். மைக்கைப் பிடித்தார்.

"சீர்திருத்தத்திலை சம்பளத்தைக் கூட்டிப்போட்டினமாம். தாய்க்குப் பென்சன் வருதாம். கூப்பன் கடை இண்டைக்கும் இருக்குதாம்."

கைதட்டல் மண்டபத்தை நிறைத்தது. யாமிலே ஒரு கணம் திகைத்தாள். பிறகு, தன் துயரத்துக்கு ஆறுதலாகத் தட்டுகிறார்கள் என்று நினைத்தாளோ என்னவோ, நெஞ்சில் கைவைத்துத் தலைகுனிந்தாள்.

அவள் முடிக்கவில்லை. "அம்மாவின் இரத்த அழுத்த மாத்திரை அங்கே கிடைப்பதில்லை. இந்தக் குளிர்காலம் யாராவது கியூபா போனால் கொண்டுபோய்க் கொடுங்கள். நான் வாசலில் நிற்கிறேன்."

உலகமெல்லாம் டொக்டர்மாரை அனுப்புகிற நாட்டில் பிறசர் குளிசை இல்லையென்று இவர் எந்த வாயால் சொல்வார்?

"வந்த எல்லாருக்கும் நன்றியாம்" என்றார்.

கூட்டம் கலைந்தது. யாமிலே வாசலில் மாத்திரைகள் அடங்கிய ஒரு சின்னப் பையோடு நின்றாள். வருகிறவர்கள் எல்லாரும் கையைக் குலுக்கி, சிரித்து, "மெர்சி" சொல்லிப் போனார்கள். ஒவ்வொருவரிடமும் அவள் பையைக் கொஞ்சம் உயர்த்துவதும் அவர்கள் கடந்துபோனதும் இறக்குவதுமாக இருந்தாள். பார்த்துக்கொண்டிருந்த மார்க்கண்டருக்குத் தன்மேலேயே அருவருப்பு வந்தது. ஆனாலும் நின்ற இடத்தை விட்டு அசையவில்லை. அப்படிப்பட்ட வீரர்.

கடைசியாக வந்தவள் கௌசலா. அவருடைய கூட்டங்களுக்குத் தவறாமல் வருகிறவள்.

"அண்ணை, நாங்கள் டிசம்பரிலை வரடேரோ போறம். அங்கை எந்த ஹோட்டல் நல்லதெண்டு இவவைக் கேட்டுச் சொல்லுங்கோவன்."

வரடேரோ என்ற ஒரு சொல் போதும். யாமிலே முகம் மலர்ந்து பையைக் கௌசலாவின் கையில் வைத்தாள்.

"எனக்கே? என்னத்துக்கு?" கௌசலா மார்க்கண்டரைப் பார்த்தாள்.

"அவவின்ரை தாயின்ரை பிறசர் குளிசை, பிள்ளை. கொண்டுபோய்க் குடுக்கச் சொல்லிக் கேட்டவ. நான்தான் சொல்லேல்லை."

கௌசலா பையை இறுக்கிப் பிடித்தாள். "குடுக்கிறன். வேறை என்னத்தைச் சொல்லாமல் விட்டனீங்கள்?"

அதற்குள் யாமிலே மார்க்கண்டரின் இரண்டு கைகளையும் பற்றிக்கொண்டாள். கண் கலங்கியிருந்தது. "இதையெல்லாம் ஒரு கூட்டத்தின் முன்னால் இன்றைக்குத்தான் சொன்னேன். ஒருவரும் என் வாயை மூடவில்லை. நன்றி, மார்க்கண்டு."

கைகளை உருவிக்கொள்ளவும் அவருக்குத் துணிவில்லை. கௌசலாவின் கேள்விக்கு, அவள் முகத்தைப் பாராமல் பதில் சொன்னார்:

"எல்லாத்தையும், பிள்ளை."