சூரியனுக்கு முதுகைக் காட்டிய அத்தை

என் அத்தை என்னை ஒரே ஒருமுறைதான் அறைந்திருக்கிறார். அதுவும் பட்டப்பகலில், தெருவே பார்க்க, மொட்டைமாடியில். பதினைந்து வருடம் ஆகிவிட்டது. இப்போதும் நினைத்தால் கன்னம் சூடாகிறது.

அத்தை, அப்பாவின் தங்கை. மலை மேலிருக்கும் ஒரு சூரிய ஆய்வகத்தில் வேலை. சூரியனைப் படம் பிடிக்கும் தொலைநோக்கிகளை நிறுவுவதும் சரிசெய்வதும் அவர் பொறுப்பு. அந்த வேலையாக நாலைந்து தேசம் போய் வந்தவர். எங்கள் திருமலைராயன்பட்டினத்தில் அதையெல்லாம் யார் கேட்டார்கள்? திருநள்ளாறு பக்கத்திலேயே இருப்பதால், வானத்தைப் பார்க்கும் வேலை என்றதும் சனிப்பெயர்ச்சி எந்த ராசிக்கு நல்லது என்றுதான் விசாரிப்பார்கள். அது வேறு, என் வேலை வேறு என்று சொல்லும்போது அத்தை முகத்தைச் சற்று ஒருபக்கமாகத் திருப்பிக்கொள்வார். முகம் கொடுத்துப் பேசமாட்டாள், படித்த திமிர் என்று தெரு முடிவு கட்டிவிட்டது. நானும் அப்படித்தான் நம்பினேன். பள்ளியில் அவரைப் போலவே தலையைத் திருப்பிப் பேசி, கொஞ்ச நாள் திமிரோடு அலைந்து பார்த்தேன்.

எனக்கு ஒன்பது வயதான அந்த வருடம், பொங்கலுக்கு மறுநாள் சூரிய கிரகணம். சிறிய தொலைநோக்கி ஒன்றோடு வருவதாக அத்தை போனில் சொன்னார். போதாதா? தொலைநோக்கியில் கண்ணை வைத்துச் சூரியனையே பார்க்கப் போகிறேன், நீங்களெல்லாம் சன்னலைச் சாத்திக்கொண்டு வீட்டுக்குள்ளேயே இருங்கள் என்று வகுப்பு முழுக்கத் தம்பட்டம் அடித்துவிட்டேன்.

அன்று மாடியில் நடந்தது பச்சை ஏமாற்று வேலை. தொலைநோக்கியைச் சூரியன் பக்கம் திருப்பிய அத்தை, அதன் வழியே பார்க்கவே இல்லை. குனிந்து தரையைப் பார்த்தார். குழாயின் நிழல் நீளமாக விழுந்தால் குறி தப்பு, சுருங்கிச் சுருங்கி வட்டமாகிவிட்டால் சூரியன் உள்ளே வந்துவிட்டது என்று பொருளாம். பிறகு, கண் வைக்க வேண்டிய இடத்துக்குப் பின்னால் ஒரு வெள்ளை அட்டையைப் பிடித்தார். அப்பளம் அளவுக்கு ஒரு வெளிச்சம் அதில் விழுந்தது. ஓரத்தில் யாரோ கடித்திருந்தார்கள். எல்லோரும் சூரியனுக்கு முதுகைக் காட்டி நின்று அந்த அட்டையைப் பார்க்க வேண்டும், அவ்வளவுதான். அட்டையைப் பார்ப்பதற்கு எதற்குத் தொலைநோக்கி? எதற்கு ஒரு அத்தை?

எனக்கு மட்டுமா கோபம்? எதிர்வீட்டு சொல்தா தாத்தாவுக்கும் வந்தது. பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்துவிட்டு வந்தவர் என்பதால் தெருவில் அவருக்கு அந்தப் பெயர்.

"நேத்துதான் பொங்க வச்சு சூரியனைக் கும்புட்டோம். இன்னிக்கு முதுவைக் காட்டி நிக்கச் சொல்றியேம்மா" என்றார்.

சொல்லிவிட்டு, கையோடு கொண்டுவந்த எக்ஸ்ரே பிலிமைக் கண்ணுக்கு நேரே தூக்கிப் பிடித்தார். அத்தை பாய்ந்து அதைப் பிடுங்கிக் கசக்கிப் போட்டார். வயதில் பெரியவர் கையிலிருந்து! ரேஷன் கடையில் அரிசி ஒரு பிடி குறைந்தாலும் சண்டைக்கு நிற்கும் அப்பா, அப்போது வாயைத் திறக்கவில்லை.

தாத்தாவைச் சமாதானப்படுத்த அத்தை அந்தப் பக்கம் நகர்ந்தார். பெரிய குழாயின் முதுகில் குட்டிக் குழாய் ஒன்று இருந்தது. அதன் வாயைக் கறுப்பு டேப் ஒட்டி அடைத்திருந்தார். அட்டை ஊருக்கு, இது எனக்கு என்று முடிவு செய்து டேப்பை உரித்தேன். குனிந்தேன். கண் குழாய்க்குப் பக்கத்தில் போவதற்குள் அறை விழுந்தது.

"கண்ணு போயிடும்டி" என்றார் அத்தை. எனக்கு அதெல்லாம் காதில் ஏறவில்லை. தெரு சிரித்தது மட்டும் கேட்டது.

தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில், சுவரைப் பார்த்து உட்கார்ந்துகொண்டேன். கொஞ்ச நேரத்தில் எல்லோரும் "வளையல், வளையல்" என்று கத்தினார்கள். கறுப்புக்கு நடுவே அல்ல, கறுப்பைச் சுற்றி வெளிச்சம் வளையலாக நின்றதாம். வீம்புக்கு நான் திரும்பவில்லை. ஊருக்கெல்லாம் காட்டினார்கள், எனக்கு மட்டும் இல்லாமல் போயிற்று.

அத்தையைவிட அப்பா மேல்தான் ஆத்திரம் அதிகம். மகளை அடித்தாயே என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. என் பக்கம் வரக்கூட இல்லை. கீழே கிடந்த டேப்பை எடுத்து ஒட்டிப் பார்த்தார். அது ஒட்டவில்லை. குட்டிக் குழாயின் வாயை உள்ளங்கையால் பொத்திக்கொண்டு, கிரகணம் விடும்வரை அங்கேயே நின்றார். மகளைவிடத் தங்கச்சியின் குழாய் பெரிதாகப் போய்விட்டது அவருக்கு.

சென்ற வருடம் அத்தைக்குக் கண்புரை என்று ஆஸ்பத்திரிக்கு நானும் அப்பாவும் கூடப் போனோம். வலது கண் தெளிந்துவிடும், இடது கண்ணில் பெரிதாக எதிர்பார்க்காதீர்கள் என்றார் டாக்டர். அதன் நடுவில் பழைய தழும்பு ஒன்று இருக்கிறதாம். நேரே பார்த்தால் எதிரே இருப்பவர் முகமே மறைந்துபோகுமாம். சின்ன வயதில் சூரியனைப் பார்த்தீர்களா என்று கேட்டார்.

அத்தை வழக்கம்போல முகத்தைத் திருப்பி, வலது கண்ணால் அவரைப் பார்த்துச் சிரித்தார்.

"பத்து வயசுல, டாக்டர். கிரகணத்தன்னிக்கு. எங்கண்ணனுக்குக் கை ஒடிஞ்சப்ப எடுத்த எக்ஸ்ரே பிலிம் வீட்டுல கெடந்துச்சு. அண்ணன்தான் அதை ஆசையா புடிச்சுக் காட்டுச்சு."

அப்பா தரையைப் பார்த்தபடி இருந்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. திமிர் பிடித்தவள் என்று ஊர் சொன்னபோதெல்லாம் இந்த மனிதர் ஒருமுறை வாயைத் திறந்திருக்கலாமே. என்னிடமாவது சொல்லியிருக்கலாமே. அந்தக் கோபம் இன்னும் தீரவில்லை.

ஆனால் அன்று மாடியில் நான் ஒருமுறை திரும்பிப் பார்த்தேன், அப்பாவை முறைப்பதற்காக. குழாயைப் பொத்தியிருந்த அவர் கை நடுங்கிக்கொண்டிருந்தது. வெயிலில் குழாய் சுடுகிறது போலிருக்கிறது, நன்றாகச் சுடட்டும் என்று நினைத்துக்கொண்டு சுவர்ப்பக்கம் திரும்பிவிட்டேன்.