பச்சை மரத்தூள்

பள்ளிக் கண்காட்சிக்காக என் மகள் எங்கள் ஊரைத் தெர்மாகோலில் செய்துகொண்டிருக்கிறாள். புல்லுக்காகப் பச்சைச் சாயம் கலந்த மரத்தூளைத் தூவினாள். அந்தப் பச்சையைப் பார்த்ததும் பழைய கண்காட்சி ஒன்று நினைவுக்கு வந்தது.

அப்போது எனக்கு எட்டு வயது. சென்னையில் நடந்த தேசியத் தொழில் கண்காட்சிக்கு அப்பா என்னைக் கூட்டிப்போனார். தானாக அசையும் இரும்புக் கையைப் பார்த்து மிரண்டு, அவர் வேட்டியைப் பிடித்துக்கொண்டே நடந்தேன். கடைசியில் ஒரு பெரிய கண்ணாடிப் பெட்டி. கும்மிடிப்பூண்டிப் பக்கம் வரப்போகும் தொழிற்பேட்டையின் மாதிரி அது. ரயில் பாதை, எங்கள் ஊர் ஏரி, கோயில், நிலக்காரர்களின் தெரு எல்லாம் இருந்தன. எங்கள் காலனி இருக்க வேண்டிய இடத்தில் பச்சை மரத்தூள் மட்டுமே இருந்தது.

"நைனா, நம்ம ஊடு எங்க?"

"இது வெறும் பொம்மைமா. இதுக்குப் போயி இன்னாத்துக்கு அழுவுற?" என்றார் அப்பா. ஆனால் கண்ணாடியில் மூக்கு படக் குனிந்து அந்தப் பச்சையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

திரும்பும் ரயிலில் எனக்கு ஒரே பயம். வீட்டை எடுத்திருப்பார்கள், உள்ளே தூங்கும் தம்பியையும் சேர்த்து எடுத்திருப்பார்கள் என்றே நினைத்தேன். அப்பா கவரைப்பேட்டையில் இறங்கி என் கையைப் பிடித்து நடந்தார். வரப்பில் ஏறியதும் கையை விட்டுவிட்டு ஓட ஆரம்பித்தார்.

"அம்மா, மொதல்ல இன்னா ஒட்றது?" என்கிறாள் மகள்.

"நம்ம ஊடு. கோந்து நெறைய வை."